ரிசல்ட் நாள் வந்தாலே ‘அமாவாசை’ ஏன் வர்றார்? சூலூர் மணிவண்ணன் விட்டுச்சென்ற அரசியல் பாடம்

வாக்கு எண்ணிக்கை நாளில் சுற்றுக்குச் சுற்று முன்னிலை நிலவரம் வந்துகொண்டிருக்கும். அதோடு சேர்ந்து வாட்ஸ்அப்பில் ஒரு வீடியோவும் தவறாமல் வந்துவிடும். பவ்யமாக உட்கார்ந்திருக்கும் ஒரு வேட்பாளர், ஓட்டு ஏற ஏற கொஞ்சம் கொஞ்சமாகச் சாய்ந்து, கடைசியில் முதலாளி மாதிரி உட்காருவார். 1994-ல் வந்த ‘அமைதிப்படை’ படக் காட்சி அது. சாய்ந்து உட்காருபவர் சத்யராஜ். பக்கத்தில் இருந்து அதைப் பார்ப்பவர், படத்தின் இயக்குநர் மணிவண்ணன்.

யார் இந்த மணிவண்ணன்?

கோவையை அடுத்த சூலூர்க்காரர். பாரதிராஜாவின் உதவியாளராகச் சேர்ந்து, ‘நிழல்கள்’ (1980), ‘அலைகள் ஓய்வதில்லை’ (1981) படங்களில் எழுத்தாளராகக் கவனம் பெற்றார். 1982-ல் ‘கோபுரங்கள் சாய்வதில்லை’ மூலம் இயக்குநரானார். அந்தக் கதை பிறகு இந்திக்கும் போனது. 1984-ல் ‘நூறாவது நாள்’, ‘24 மணி நேரம்’ என இரண்டு த்ரில்லர்கள். 1986-ல் கலைஞர் கருணாநிதியின் வசனத்தில் ‘பாலைவன ரோஜாக்கள்’. குடும்பக் கதை, த்ரில்லர், அரசியல்னு எதையும் விட்டுவைக்கலை. மொத்தம் 50 படங்களை இயக்கினார்.

நடிகரானது எப்படி?

1988-ல் குருநாதர் பாரதிராஜா, ‘கொடி பறக்குது’ படத்தில் ரஜினிக்கு வில்லனாக அவரை நிறுத்தினார். அதன்பிறகு நடித்தது 400 படங்களுக்கும் மேல். அவருடைய பலம் பேச்சு. சூலூர், பல்லடம், காங்கேயம்னு திருச்சி ரோட்டை ஒட்டிய ஊர்களில் ஒரு பழக்கம் உண்டு. ‘ஏனுங்க’ன்னு மரியாதையாகத்தான் ஆரம்பிப்பாங்க, முடிக்கும்போது எதிராளி காலி. அந்தக் கோயம்புத்தூர் குசும்பைத்தான் மணிவண்ணனும் சத்யராஜும் திரைக்குக் கொண்டுவந்தாங்க.

‘அமைதிப்படை’ என்ன சொல்லுது?

தேங்காய் பொறுக்கித் தின்னும் அமாவாசை, ஒரு அரசியல்வாதியின் கைப்பாவையாகத் தேர்தலில் நிற்கிறான். ஜெயித்ததும் நாகராஜசோழன் எம்.ஏ., எம்.எல்.ஏ. ஆகிறான். ஒரு பெண்ணை அல்வா கொடுத்து ஏமாற்றியவன், தொகுதிக்கே அல்வா கொடுக்கிறான்.

இன்றைக்கு அந்த வீடியோவைப் பகிருபவர்கள், எதிர்க்கட்சிக்காரரை அமாவாசையாகக் காட்டத்தான் பகிருகிறார்கள். ஆனால் காட்சியில் உண்மையில் ஏமாறுவது யார்? ‘நாம சொன்னதைக் கேட்பான்’னு நம்பி அவனைத் தேர்தலில் நிறுத்திய மணி. ஒரே மதியத்தில் எஜமானர் எடுபிடியாகிறார். அந்த வேஷத்தை மணிவண்ணன் தானே போட்டுக்கொண்டதுதான் முக்கியம். அமாவாசை தானாக வரலை, ஒருத்தர் கணக்குப் போட்டுக் கொண்டுவந்தார் என்பதுதான் படத்தின் வாதம்.

1999-ல் ‘முதல்வன்’ படத்திலும் முதல்வரின் உதவியாளராக, அதிகாரத்துக்குப் பக்கத்தில் நின்று எல்லாவற்றையும் பார்க்கும் வேஷம்தான்.

நிஜ அரசியலில்?

ஒதுங்கி நிற்கவில்லை. திராவிட இயக்கச் சிந்தனையும் ஈழத் தமிழர் ஆதரவும் கொண்டவர், கடைசிக் காலத்தில் சீமானின் நாம் தமிழர் கட்சியோடு நின்றார். 50-வது படமாக ‘நாகராஜசோழன் எம்.ஏ., எம்.எல்.ஏ.’ 2013 மே மாதம் வெளியானது. இந்த முறை அதே நாகராஜசோழன் பழங்குடி மக்களின் காட்டுக்குக் குறிவைக்கிறார். சீமான் அதில் சி.பி.ஐ. அதிகாரியாக நடித்தார். முதல் பாகத்தின் வரவேற்பு கிடைக்கவில்லை. அடுத்த மாதமே, ஜூன் 15-ல் மணிவண்ணன் காலமானார்.

ஏன் இன்னும் பேசணும்?

கட்சிகள் மாறினாலும், ‘ஆள் நம்ம ஆள், சொன்னபடி கேட்பார்’ங்கிற கணக்கில் வேட்பாளரைத் தேடும் பழக்கம் மாறலை. அந்தக் கணக்கு எப்படித் தப்பும் என்பதைச் சில நிமிடங்களில் சொன்ன காட்சி அது. அடுத்த ரிசல்ட் நாளில் வீடியோ வந்தால், சாய்ந்து உட்காருபவரோடு சேர்த்து, பக்கத்தில் இருக்கும் மணியின் முகத்தையும் ஒருமுறை பாருங்க.