கம்பி ஊடறுத்தும் இரண்டாகாத பனிக்கட்டி

சென்ற மாதம் ரொறொன்ரோவிலிருந்து தொலைபேசியில் அழைத்த எம் மருகன் எம்மை ஓர் இக்கட்டில் மாட்டிவைத்தான். கொழும்பில் உயர்தர வகுப்பில் எம்மிடமே பௌதிகம் பயின்றவன் அவன். "சறுக்குக் காலணியின் கூரிய விளிம்பு அமுக்குவதால் ஐஸ் உருகுகின்றது, அந்த நீரிற் கால் வழுக்குகின்றது என்று சொல்லித் தந்தீர்களே, மாமா! இங்கே பூச்சியத்துக்குக் கீழே பதினைந்து பாகைக் குளிரிலும் பிள்ளைகள் சறுக்கி விளையாடுகின்றனர். அவ்வளவு குளிரில் அமுக்கத்தால் ஐஸ் உருகுமா?" என்று கேட்டான்.

உருகாது என்பதே விடை. பழைய பாடநூல்கள் பலவற்றில் இருந்ததை நாமும் ஆண்டுக்கணக்காக ஆராயாமற் சொல்லி வந்திருக்கின்றோம். எம்மிடம் படித்தோர் சிலரேனும் இப்பத்தியை வாசிப்பர் என்பதால், பிழையை இங்கேயே திருத்திக்கொள்கின்றோம்.

அப்பிழைக்குள்ளும் ஓர் உண்மை உண்டு. நீர் உறையும்போது பருமனிற் பெருகுகின்றது. ஆகவே பனிக்கட்டியை அமுக்கினால், குறைந்த இடத்தை வேண்டும் நீராக மாறவே அது முற்படும். இதனால் உருகுநிலை தாழும் என்று 1849 இல் ஜேம்ஸ் தொம்சன் கணித்துச் சொன்னார். அவருடைய தம்பியும் பின்னாளிற் கெல்வின் பிரபு எனப் பெயர் பெற்றவருமான வில்லியம் தொம்சன் அடுத்த ஆண்டிலேயே அதை அளந்து காட்டினார். கெல்வினுடைய சகோதரியின் மகன் பொற்றம்லி என்பார் 1872 இல் விளக்கிய பரிசோதனையே இன்றும் பள்ளிகளிற் செய்யப்படுகின்றது. மாமனை விடாத மருகர் எக்காலத்திலும் உளர் போலும்!

அதனை வீட்டிலேயே செய்து பார்க்கலாம். வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ மீன் விற்பவரிடம் ஒரு துண்டு ஐஸ் கேட்டால் தருவார். இல்லையேல் பாண் சுடும் தகர அச்சில் நீரூற்றிக் குளிர்சாதனப் பெட்டியில் உறைய வைக்கலாம். அக்கட்டியை இரு கதிரைகளுக்கு இடையே பாலம்போல வைத்து, மெல்லிய செம்புக் கம்பியொன்றை அதன்மேற் குறுக்கே இட்டு, கம்பியின் இரு முனைகளிலும் பாரம் தொங்கவிட வேண்டும். கம்பி சிறிது சிறிதாகக் கட்டியினுள் இறங்கும். ஈற்றில் அடிப்புறமாக வெளியே வந்து விழும். கட்டியோ இரண்டாகப் பிரியாது ஒன்றாகவே நிற்கும். கம்பியின் கீழே அமுக்கத்தால் உருகிய நீர் கம்பியைச் சுற்றி மேலே வந்ததும், அமுக்கம் நீங்கி மீண்டும் உறைந்துவிடுகின்றது. இதுவே மீளுறைதல்.

இங்கே மாணவர் பெரும்பாலும் கவனியாத ஒன்று உண்டு. உருகுவதற்கு வெப்பம் வேண்டும். உறையும்போது வெப்பம் வெளிப்படும். மேலே உறையும் நீர் விடும் வெப்பம் கம்பியினூடாகவே கீழே இறங்கி, அடுத்த படையை உருக்குகின்றது. செம்புக் கம்பிக்குப் பதிலாகத் தங்கூசி எனப்படும் நைலோன் நூலை இட்டால், வெப்பத்தை அது நன்கு கடத்தாமையால் வேலை மிக மெதுவாகவே நடக்கும். எம் கொழும்பு வெக்கையில் கம்பியின் வெளி முனைகள் வழியாகவும் வெப்பம் உட்புகும் என்பதை ஒளிக்காமற் சொல்லிவிடுகின்றோம்.

இனிக் கணக்கு. ஒரு வளிமண்டல அமுக்கம் கூடினால் உருகுநிலை 0.0074 பாகை மட்டுமே தாழும். ஒரு முழுப் பாகை தாழ்வதற்கு ஏறத்தாழ 135 வளிமண்டல அமுக்கம் தேவை. அரை மில்லிமீற்றர்க் கம்பி, பத்துச் சென்ரிமீற்றர் அகலமான கட்டி, இரு முனைகளிலுமாகப் பத்துக் கிலோ பாரம் என்று கொண்டால், கிடைப்பது ஏழில் ஒரு பாகை அளவே. சறுக்குபவரின் நிறையும் இதைவிட மிகப் பெரிதாக எதையும் செய்துவிடாது. பதினைந்து பாகைக் குளிரிலோ ஆயிரத்துக்கும் மேற்பட்ட வளிமண்டலங்கள் தேவைப்படும். அங்கே கால் வழுக்குவதற்கு உராய்வினால் எழும் வெப்பமும், பனிக்கட்டியின் மேற்பரப்பில் இயல்பாகவே உள்ள மிக மெல்லிய நெகிழ்ந்த படையுமே காரணம். அத்தகைய படை உண்டென்று 1850 இலேயே பரடே கருதினார்.

அப்படியானால் ஏழில் ஒரு பாகையால் ஆவதென்ன என்று கேட்கத் தோன்றும். எம்மவர் வீடுகளிற் பூசையறையில் சிறு செம்பில் அடைத்து வைத்திருக்கும் கங்கை நீரை நினைத்துப் பாருங்கள். அந்நதியின் தலையூற்றுகளில் ஒன்றான பாகீரதி, ஏறக்குறைய 30 கிலோமீற்றர் நீளமான கங்கோத்திரிப் பனிக்கட்டியாற்றின் முகப்பாகிய கோமுகத்தில் வெளிப்படுகின்றது. அத்தகைய பனிக்கட்டியாறுகள் தம் பாரத்தாற் சரிவிலே கீழ்நோக்கி நகர்கின்றன. 200 மீற்றர்த் தடிப்பான பனிக்கட்டி தன் அடியில் உருகுநிலையைத் தாழ்த்துவதும், எம் கம்பி தாழ்த்திய அதே அளவே! ஆனால் அடிப்பனி ஏற்கெனவே உருகுநிலையில் இருக்குமிடத்து அச்சிறு வேறுபாடே போதும். பாறையின் சிறு புடைப்பொன்று எதிர்ப்பட்டால், மேற்புறத்தில் அமுக்கம் கூடிப் பனி உருகும். நீர் புடைப்பைச் சுற்றிச் சென்று மறுபுறத்தில் உறையும். அங்கே வெளிப்படும் வெப்பம் பாறையினூடாகத் திரும்பி வரும். பாறைப் புடைப்பே இங்கு கம்பி.

புடைப்பு பெரிதானால் வெப்பம் கடக்கும் வழி நீண்டு இம்முறை பயன்படாது. பனிக்கட்டி தானே வளைந்து நெளிந்து அதைக் கடக்கின்றது. இதனை வியேற்மன் என்னும் அமெரிக்கர் 1957 இல் கணித்துக் காட்டினார். 1964 இல் காம்ப், லாச்சப்பெல் என்னும் இருவர், வாசிங்டன் மாநிலத்து நீலப் பனிக்கட்டியாற்றின் அடிவரை குடைந்து சென்று, பாறையை ஒட்டி மீளுறைந்த சில சென்ரிமீற்றர்ப் படையைக் கண்ணாலேயே கண்டனர். அந்தாட்டிக்காவின் சில பகுதிகளிற்போல அடிப்பனி பாறையோடு உறைந்து கிடக்குமிடத்தில் இவ்வழுக்கல் இல்லை; பனிக்கட்டி தன்னுள்ளேயே மெல்ல நெளிந்துதான் நகரும்.

மருகனுக்கு இக்கணக்கை எழுதி அனுப்பியுள்ளோம். வரும் மாரியில், நல்ல குளிர் நாளொன்றில், கம்பியையும் கட்டியையும் வீட்டுக்கு வெளியே வைத்துப் பார்க்கும்படியும் சொல்லியிருக்கின்றோம். பதினைந்து பாகைக் குளிரில் அது இறங்காது.