விவசாயிக்கு 90 நாள், நீதிமன்றத்துக்குக் கெடுவே இல்லையா?

நில உரிமை வழக்கில் தோற்ற ஒரு சிறு விவசாயி உயர்நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீடு செய்யச் சட்டம் தரும் காலம் 90 நாள். பிந்தினால், தாமதத்தை மன்னிக்கக் கோரித் தனி மனு, தனிப் பிரமாண வாக்குமூலம். மேல்முறையீடு செய்துவிட்டதாலேயே தீர்ப்பாணை நின்றுவிடுவதும் இல்லை. தடையாணை கிடைக்காவிட்டால் நிலம் கைமாறும். வழக்கு உறங்கும் காலத்தில் அவர் இறந்துவிட்டால், வாரிசுகள் தங்களைச் சேர்க்கக் கோர மீண்டும் 90 நாள். கணவனைப் பறிகொடுத்த பெண் அந்தக் கெடுவைத் தவறவிட்டால் வழக்கே அற்றுப்போகும். ஆனால் அந்த மேல்முறையீட்டை விசாரித்து முடிக்க நீதிமன்றத்துக்கு உரிமையியல் நடைமுறைச் சட்டம் எந்தக் கெடுவும் விதிக்கவில்லை.

கெடு விதிக்கவே இயலாதா? 2015ஆம் ஆண்டின் வணிக நீதிமன்றங்கள் சட்டம், வணிக மேல்முறையீடுகளை 6 மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்கிறது. திவால் சட்டம் 330 நாள் என்கிறது. அந்தக் கெடுக்களும் பல நேரம் மீறப்படுகின்றன என்பது வேறு செய்தி. முதலாளிகளுக்காக எழுதிவைக்கும் மனமாவது ஆட்சியாளர்களுக்கு இருந்தது.

ஏழைக்கு எஞ்சியிருப்பது, விரைந்து விசாரிக்கக் கோரும் மனு ஒன்றுதான். அந்த மனுவுக்கும் வரிசை உண்டு. அதை எடுத்துச் சொல்ல மூத்த வழக்கறிஞர் வேண்டும், அவருக்குக் கட்டணம் வேண்டும். 2020 நவம்பரில் அர்னாப் கோஸ்வாமியின் ஜாமீன் மனு, தாக்கலான மறுநாளே உச்சநீதிமன்றத்தில் விசாரிக்கப்பட்டது. வழக்கறிஞர் சங்கத்தின் அன்றைய தலைவர் துஷ்யந்த் தவே அதை எதிர்த்துக் கடிதம் எழுதினார். ஒருவரது சுதந்திரம் பற்றிய மனு விரைவாக விசாரிக்கப்பட்டதில் நமக்குக் குறையில்லை. மற்றவர்களுக்கு ஏன் அந்த விரைவு இல்லை என்பதே கேள்வி.

நீதிபதிகள் போதவில்லை என்பது வழக்கமான சமாதானம். பத்து லட்சம் மக்களுக்கு 50 நீதிபதிகள் வேண்டும் என்று சட்ட ஆணையம் 1987இலேயே பரிந்துரைத்தது. ஐந்தாண்டுக்குள் அதை நிறைவேற்றுமாறு உச்சநீதிமன்றம் 2002இல் ஆணையிட்டது. இன்றும் அதில் பாதியைக்கூட எட்டவில்லை. கொலீஜியம் அனுப்பும் பெயர்களைக் கிடப்பில் போடும் ஒன்றிய அரசே, நாட்டின் மிகப் பெரிய வழக்காடியும்கூட. அது வாய்தா கேட்காத நாளுண்டா?

2024 பிப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, பிற நீதிமன்றங்களின் வழக்குகளுக்கு விதிவிலக்கான சூழலிலன்றிக் கெடு நிர்ணயிக்கலாகாது என்று தீர்ப்பளித்தது. ஆகவே, பொதுவான கெடு வேண்டுமானால் நாடாளுமன்றம்தான் சட்டம் இயற்ற வேண்டும்.

"முதலாளித்துவ நீதிமன்றத்திடம் விரைவை எதிர்பார்ப்பதா?" என்று சில தோழர்கள் கேட்கிறார்கள். நிலத்தை இழந்து நிற்பவரிடம் இதைச் சொல்லிப் பாருங்கள். தாமதம் எப்போதும் நிலத்தைக் கையில் வைத்திருப்பவனுக்கே துணை நிற்கிறது. நிலம், குடியிருப்பு, கூலி தொடர்பான மேல்முறையீடுகளுக்கும் அதே 6 மாதக் கெடு வேண்டும். மூத்த வழக்கறிஞரின் குரலுக்குக் காத்திராமல் பழைய வழக்கு முதலில் பட்டியலுக்கு வர வேண்டும். விவசாய சங்கக் கிளைகள் தத்தம் பகுதியில் நிலுவையிலுள்ள மேல்முறையீடுகளையும், மேல்முறையீடு செய்தவர்களின் வயதையும், நிலம் இன்று யார் கையில் இருக்கிறது என்பதையும் குறித்து அனுப்பினால், இக்கோரிக்கையை நாடாளுமன்றத்தில் எழுப்பும் நம் உறுப்பினர்களுக்கு அது கைகொடுக்கும்.