காலைப் பசியும் வீட்டுக் கௌரவமும்

"காலையில் சாப்பிட எங்கே சார் நேரம் இருக்கிறது?" என்று அலுத்துக்கொள்ளும் மனிதர்களை நான் நிரம்பச் சந்திக்கிறேன். இப்படிச் சொல்லுகிறவர்களில் பெரும்பாலோர் காலையில் வயிறாரச் சாப்பிட்டுவிட்டு வந்தவர்கள் என்பதுதான் வேடிக்கை. உண்மையிலேயே சாப்பிட நேரமில்லாதவள் இதைச் சொல்லுவதில்லை. சொல்லிக்கொண்டிருக்கவும் அவளுக்கு நேரமில்லை.

சென்ற தை மாதம் உசிலம்பட்டியில் ஒரு நண்பரின் வீட்டில் ஓர் இரவு தங்க நேர்ந்தது. நண்பருக்கு அங்கேயே உத்தியோகம். அவர் மனைவிக்கு மதுரையில் ஓர் அலுவலகத்தில் வேலை. நாற்பது கிலோமீட்டர் பஸ்ஸில் போய்வர வேண்டும். காலை ஐந்து மணிக்கு அடுக்களையில் விளக்கு எரிந்தது. இட்டிலி, அதற்குத் தேங்காய்ச் சட்னி, தக்காளிச் சட்னி பிடிக்காத பையனுக்காக ஒரு சாம்பார், பெண்ணுக்கு இட்டிலி பிடிக்காது என்பதால் இரண்டு தோசை, அப்புறம் நாலு பேருக்கு மத்தியானச் சாப்பாட்டு டப்பா. விருந்தாளியான என்னை உத்தேசித்து ஒரு கேசரி வேறு. ஏழு மணிக்கு நாங்கள் எல்லோரும் உட்கார்ந்து சாப்பிட்டோம். அந்தப் பெண் நின்றபடியே அரை டம்ளர் காப்பியைக் குடித்துவிட்டுச் செருப்பை மாட்டினாள்.

"நீ சாப்பிடலையாம்மா?" என்று கேட்டேன்.

"பஸ் போயிரும் அண்ணே. அங்க போய் ஏதாச்சும் பாத்துக்குவேன்" என்றாள்.

அங்கே போய் ஒன்றையும் பார்த்துக்கொள்ளமாட்டாள் என்பது அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும், மூன்றாவது கரண்டி கேசரியைப் போட்டுக்கொண்டிருந்த அவள் புருஷனுக்கும் தெரியும். நானும் கேசரியை வேண்டாமென்று சொல்லவில்லை. அதையும் ஒப்புக்கொண்டுவிடுகிறேன்.

அடுக்களை அலமாரியில் ஓர் அழகான பெட்டி இருந்தது. மேலே பனித்துளியோடு சிவந்த ஸ்ட்ராபெரிப் பழங்கள். வெள்ளைப் பால் அருவியாக விழுகிறது. ஓட்ஸும் உலர்ந்த பழமும் கலந்தது. பாலை ஊற்றினால் இரண்டு நிமிஷத்தில் காலை உணவு தயார் என்று எழுதியிருந்தது. "அவசரத்துக்கு ஆகட்டுமென்று இவளுக்காகத்தான் வாங்கினேன்" என்றார் நண்பர், ஒரு பெரிய தர்மத்தைச் செய்துவிட்டவர்போல. அதைப் பிள்ளைகள் சாயந்திரம் நொறுக்குத் தீனியாக அள்ளித் தின்று பாதியாக்கியிருந்தார்கள்.

பெட்டியைத் திருப்பிப் பார்த்தேன். பொட்டலங்களில் அடைத்து விற்கும் உணவில் கலந்திருப்பவற்றை எடையின் இறங்கு வரிசையில் அச்சிட வேண்டும் என்பது நம் நாட்டில் சட்டம். முன்பக்கம் படத்தை நம்புவதற்கு. பின்பக்கம் விஷயத்தைத் தெரிந்துகொள்வதற்கு. அந்தப் பெட்டியின் பின்பக்கத்தில் தானியத்துக்கு அடுத்தபடி நின்றது சர்க்கரை. பழம் எங்கேயோ கடைசிப் பந்தியில் நின்றது. ஓட்ஸ் மேல் எனக்கு விரோதமில்லை. அது நல்ல தானியம். அதிலுள்ள ஒருவகை நார்ச்சத்து இரத்தத்தில் கொழுப்பைக் குறைக்கிறது என்று வைத்தியர்கள் சொல்லுவது வாஸ்தவம். ஆனால் பழத்தின் பெயரைச் சொல்லிச் சர்க்கரையை விற்பதற்குத் தானியம் என்ன பாவம் செய்தது?

தானியத்தோடு பழத்தைச் சேர்த்துக் காலையில் சாப்பிடும் இந்த நாகரிகத்தின் பூர்வோத்தரத்தை நம் வீடுகளில் யாரும் விசாரிப்பதில்லை. சுவிட்ஸர்லாந்தில் சூரிச் நகரத்தில் மாக்ஸ் பிர்ஷர்-பென்னர் என்று ஒரு டாக்டர் இருந்தார். 1904-ல் அந்நகரத்துக் குன்றின்மேல் ஓர் ஆரோக்கிய நிலையம் திறந்து நோயாளிகளுக்குப் பச்சைக் காய்களையும் பழங்களையும் கொடுத்து வைத்தியம் செய்தவர். அவர் கொடுத்த உணவில் ஓட்ஸ் ஒரே ஒரு மேஜைக் கரண்டி. அதை முதல்நாள் இரவே தண்ணீரில் ஊறப்போட வேண்டும். காலையில் ஒரு முழு ஆப்பிளைத் தோலோடு துருவிப் போட்டு, எலுமிச்சைச் சாறும் கொஞ்சம் கெட்டிப் பாலும் விட்டு, மேலே கொட்டைப் பருப்பைத் தூவிச் சாப்பிட வேண்டும். பழம்தான் சாப்பாடு, தானியம் அதற்குத் துணை. இதை அவர் எங்கே கற்றாராம், தெரியுமா? ஆல்ப்ஸ் மலையில் ஏறப்போனபோது மாடு மேய்க்கும் ஓர் இடையர் குடிசையில் கிடைத்த உணவிலிருந்து கற்றார் என்று சொல்லுகிறார்கள். ஊறவைத்துச் சாப்பிடுவது மேய்ப்பவனின் சாப்பாடு. அடுப்பும் விறகும் காலை நேரமும் இல்லாதவனின் சாப்பாடு. படித்த டாக்டர் அதை வெட்கப்படாமல் வாங்கிக்கொண்டு வந்து பணக்கார நோயாளிகளுக்குக் கொடுத்தார்.

நாமோ நம் மேய்ப்பனிடம் கற்க வெட்கப்பட்டு, அந்த ஊர் மேய்ப்பனிடமிருந்து பெட்டியில் வாங்குகிறோம்.

உசிலம்பட்டிச் சுற்றுவட்டாரம் வானம் பார்த்த பூமி. சோளமும் கம்பும் குதிரைவாலியும் விளைந்த காடு. முதல்நாள் காய்ச்சிய கூழை இரவெல்லாம் புளிக்கவைத்து, விடியற்காலையில் மோர் விட்டுக் கரைத்துத் தூக்குச்சட்டியில் எடுத்துக்கொண்டு வேலைக்குப் போன ஊர். மாங்காய்க் காலத்தில் மாங்காய்க் கீற்று, மற்றக் காலத்தில் வெங்காயம். 'இரண்டு நிமிஷம்' என்று பெட்டியில் போடுகிறார்களே, அதற்குக் கூட ஆகாத நேரம். ஆனால் அது காட்டுவேலைக்காரன் சாப்பாடு அல்லவா? நாம் உத்தியோகஸ்தர்கள் அல்லவா? நமக்கு ஆவி பறக்க வேண்டும், இரண்டு சட்னி வேண்டும்.

இப்படி எழுதும்போதே எனக்குப் பின்னால் ஒரு கோஷ்டி கைதட்டுவது கேட்கிறது. "அந்தக் காலத்திலே பாருங்கள், கம்பங்கூழும் கேப்பைக்களியும் சாப்பிட்டு நூறு வயசு இருந்தார்கள்" என்று மேடையில் முழங்கும் கோஷ்டி. 2023-ஐ ஐக்கிய நாடுகள் சபை சர்வதேசச் சிறுதானிய ஆண்டு என்று அறிவித்தது. அதற்கு முந்தைய டிசம்பரில் டில்லியில் நாடாளுமன்ற உறுப்பினர்களுக்குச் சிறுதானிய விருந்தே நடந்தது. அப்போதிருந்து இந்தக் கோஷ்டியின் குரல் இன்னும் ஓங்கிவிட்டது. அவர்கள் கைதட்டல் எனக்கு வேண்டாம்.

அன்று காலை நண்பரின் தாயார் திண்ணையில் உட்கார்ந்திருந்தார். எண்பதைத் தாண்டியவர். "ஆத்தா, உங்க காலத்துக் கம்பங்கூழுக்கு ஈடு உண்டா?" என்று கேட்டுவைத்தேன். கிழவி என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"ஏன்யா, நீ கம்பு இடிச்சிருக்கியா?"

"இல்லை ஆத்தா."

"தண்ணி தெளிச்சுப் பிசறி, உரல்ல போட்டு இடிச்சு, தவுடு போகப் புடைச்சு, மறுபடி இடிச்சு... கோழி கூப்பிட முந்தி எந்திரிக்கணும். உள்ளங்கை பூராக் காப்புக் காய்ச்சிக் கிடக்கும். நெல்லுச்சோறு தீவாளிக்கும் பொங்கலுக்குந்தேன். ரேசன்ல அரிசி வந்துச்சு, உரலைத் தூக்கிக் கொல்லையில போட்டேன். குடிச்ச வாயிக்கு என்னய்யா தெரியும்?"

எனக்குப் பதில் இல்லை. கம்பு மாவை அரைத்து நாள்கணக்கில் வைக்கவும் முடியாது. அதிலுள்ள எண்ணெய்ப் பசை காரணமாகச் சீக்கிரம் கசந்துபோகும். ஆகவே அன்றன்றைக்கு இடிக்க வேண்டும். அந்த 'அன்றன்றைக்கு' என்பதற்குள் எத்தனை பெண்களின் தூக்கம் புதைந்திருக்கிறது என்பதை மேடையில் யாரும் சொல்லுவதில்லை. அன்று உரலுக்கு முன்னால் நின்றவள் இன்று கிரைண்டருக்கும் இட்டிலிக் கொப்பரைக்கும் முன்னால் நிற்கிறாள். பெட்டிக்காரனும் சரி, பழம்பெருமைக்காரனும் சரி, அவளை அங்கிருந்து நகர்த்துவதாக இல்லை.

2022 செப்டம்பர் 15-ந் தேதி இதே மதுரையில், ஒரு மாநகராட்சிப் பள்ளியில், தொடக்கப் பள்ளிக் குழந்தைகளுக்குக் காலை உணவு கொடுக்கும் திட்டத்தை முதலமைச்சர் ஸ்டாலின் தொடங்கிவைத்தார். மறுவருஷம் ஆகஸ்டில் மாநிலம் முழுவதும் அரசுத் தொடக்கப் பள்ளிகளுக்கு அது விரிந்தது. குழந்தைகள் வெறும் வயிற்றோடு பள்ளிக்கு வருகிறார்கள் என்பதைச் சர்க்கார் ஒப்புக்கொண்டது. நல்ல காரியம். ஆனால் வெறும் வயிற்றோடு பஸ் ஏறும் தாயைக் கணக்கெடுக்க எந்தச் சர்க்காராலும் ஆகாது. அந்தக் கணக்கு வீட்டுக்குள் தீர வேண்டியது.

தீர்ப்பது கஷ்டமா? நான் சமையல் குறிப்பு எழுதுகிறவன் அல்ல. ஆயினும் இந்த விஷயத்தில் வெறும் உபதேசத்தோடு நிறுத்திக்கொள்ளுவது அயோக்கியத்தனம். கெட்டி அவலை இரண்டு தண்ணீரில் அலசி ஊறவிட்டுக் குளிக்கப் போங்கள். குளித்துவிட்டு வரும்போது பூவாக மலர்ந்திருக்கும். மெல்லிய அவலானால் அலசி வடித்தாலே போதும். ஒரு வாழைப்பழத்தைப் பிசைந்து போட்டு, இரண்டு சிட்டிகை ஏலப்பொடி, ஒரு பிடி தேங்காய்த் துருவல். பழம் நன்றாகக் கனிந்திருந்தால் வெல்லமே வேண்டாம். சிறுமலைப் பழம் கிடைத்தால் விடாதீர்கள். முடிக்கொத்து நோயில் அந்தத் தோட்டங்கள் பட்ட பாட்டுக்கு, அது இன்னும் மதுரைக் கடைகளில் கண்ணில் படுவதே நம் அதிர்ஷ்டம். குசேலர் கந்தையில் முடிந்துகொண்டு போன பொருள்தான் அவல். அதைத் தின்ன பகவானுக்குக் கௌரவக் குறைவு ஏற்பட்டதாகக் கதை சொல்லவில்லை.

இன்னொன்று. குதிரைவாலி அரிசியை இரவுச் சோறு வடிக்கும்போதே கூட ஒரு சின்னப் பாத்திரத்தில் குழையவிடுங்கள். ஆறியதும் வெதுவெதுப்பான பாலை நிறைய ஊற்றி, ஒரு கரண்டி மோர் விட்டு மூடி வைத்துவிடுங்கள். விடிந்ததும் தயிராகத் தோய்ந்திருக்கும். மாதுளை முத்தோ, மாம்பழத் துண்டோ, தேனி ரோட்டில் லாரி லாரியாக வரும் கம்பம் திராட்சையோ, கையில் கிடைத்ததைக் கலந்து சாப்பிடலாம். இதில் புதுமை ஒன்றுமில்லை. தினைமாவில் தேனைப் பிசைந்து தின்ற வள்ளியின் ஊர்க்காரர்கள் நாம். மாம்பழத்தைப் பழையசோற்றோடு பிசைந்து சாப்பிட்டு வளர்ந்தவர்கள். ஒரு வார்த்தை மட்டும்: கருப்பட்டி, நாட்டுச் சர்க்கரை, தேன் என்று பெயர் மாற்றினாலும் உடம்புக்குள் போனபின் அதுவும் சர்க்கரைதான். பத்துக் கோடிப் பேருக்குமேல் நீரிழிவு உள்ள நாடு இது என்று 2023-ல் வெளிவந்த பெரிய ஆய்வு சொல்லிற்று. தித்திப்பைப் பழத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.

"ஜில்லென்று சாப்பிட்டால் சளி பிடிக்கும்" என்பார்கள். இரவு பத்து மணிக்கு ஐஸ்கிரீம் தின்னும்போது பிடிக்காத சளி! "பிள்ளைகள் சாப்பிடமாட்டார்கள்" என்பார்கள். அப்பா என்ன சாப்பிடுகிறார் என்று பார்த்துத்தான் பிள்ளைகள் மூக்கைச் சுளிக்கக் கற்றுக்கொள்ளுகிறார்கள். "இட்டிலியை விடச் சொல்லுகிறாயா?" என்று சிலர் சண்டைக்கு வருவார்கள். ஐயா, எனக்கும் இட்டிலி என்றால் உயிர். ஞாயிற்றுக்கிழமை சாப்பிடுவோம், நீங்கள் சட்னி அரையுங்கள், நான் தேங்காய் துருவுகிறேன். பஸ்ஸுக்கு ஓடவேண்டிய ஐந்து நாளிலும் ஒருத்தி பட்டினி கிடந்து நமக்கு ஆவி பறக்கச் செய்ய வேண்டும் என்பதில்தான் எனக்கு ஆட்சேபம்.

ஆட்சேபத்தின் ஆணிவேர் இதுதான்: அவலை ஊறப்போட அனுபவம் வேண்டாம், அடுப்பு வேண்டாம். பத்து வயசுப் பையன் செய்யலாம். நாற்பத்தைந்து வயசு உத்தியோகஸ்தரும் முயன்றால் செய்யலாம். அதனால்தான் அது நம் வீடுகளுக்குள் வரவில்லையோ என்று எனக்குச் சந்தேகம். 'எனக்குத் தெரியாதே' என்று சொல்லித் தப்ப முடியாத ஒரு சமையலை எந்த ஆண்பிள்ளை விரும்புவான்?

ஊருக்குத் திரும்பியதும் இதையெல்லாம் நண்பருக்குக் கடிதமாகவே எழுதினேன். நாலு நாள் கழித்து டெலிபோனில் கூப்பிட்டார். யோசனை பிரமாதம் என்றார். தாயாரிடம் படித்துக் காட்டினாராம். கிழவி ரொம்ப நேரம் சிரித்தாராம். குதிரைவாலி கூட வாங்கிவந்தாகிவிட்டது என்றார்.

"சரி, ராத்திரி பால் ஊற்றி மூடிவைப்பது யார்?" என்று கேட்டேன்.

"அவள் ஆபீஸிலிருந்து வந்ததும் வைத்துவிடுவாள்" என்றார்.

மறுபடியும் ஒரு கடிதம் எழுதியிருக்கிறேன். இந்தத் தடவை அவர் மனைவியின் பெயருக்கு.