ரசாயனத் தொழில்: வேர் பலப்பட வேண்டும்

வீட்டில் சலவை சோப்பு, வயலில் உரம், ஆஸ்பத்திரியில் மாத்திரை, நகரி, புத்தூர் பக்கத்துத் தறிகளில் ஏறும் நூலுக்குச் சாயம் - இவை யாவும் ரசாயனத் தொழில் தரும் பொருள்களே. எனவே அத்தொழிலின் ஏற்றமும் தாழ்வும் முதலாளிகளை மட்டும் பொறுத்த விஷயம் என்று ஒதுக்கி விட முடியாது.

இத்தொழில் நமக்குப் புதிதுமல்ல. சித்தூரை அடுத்துள்ள ராணிப்பேட்டையில் 1906-லேயே சூப்பர் பாஸ்பேட் உர ஆலை அமைந்தது. சுதந்திரத்திற்குப் பின் 1951-ல் சிந்திரியிலும், 1971-ல் மணலியிலும், 1975-ல் தூத்துக்குடியிலும் பெரிய உர ஆலைகள் உற்பத்தியைத் தொடங்கின. இன்று ரசாயன உற்பத்தியில் இந்தியா உலகில் ஆறாவது இடத்தில் இருப்பதாகச் சொல்லப்படுகிறது. இதில் நாம் பெருமைப்படலாம். திருப்திப்பட்டு விடக் கூடாது.

2025 ஜூலையில் நிதி ஆயோக் வெளியிட்ட அறிக்கையே இதற்குச் சான்று. 2023-ல் ரசாயனப் பொருள்களை ஏற்றுமதி செய்து ஈட்டியதைவிட 3,100 கோடி டாலர் அதிகமாக இறக்குமதிக்குச் செலவிட்டோம் என்று அது கூறுகிறது. இத்துறையில் உலகில் ஆராய்ச்சிக்குச் செலவாவது சராசரியாக 2.3 சதவீதம், இங்கோ 0.7 சதவீதந்தான். பொட்டாஷ் உரத்துக்கு முழுக்க முழுக்க வெளிநாட்டையே நம்பியிருக்கிறோம். எங்கோ ஒரு கடலில் போர் மூண்டால், நம் விவசாயி உர மூட்டைக்கு வரிசையில் நிற்க வேண்டியதாகிறது.

பென்சிலின் கதை இன்னும் வேதனையானது. 1950-களிலேயே பிம்ப்ரியில் பொதுத்துறை ஆலை அமைத்துப் பென்சிலின் தயாரித்த நாடு இது. பின்னாளில் சீனாவிலிருந்து மலிவு விலையில் மூலப் பொருள் வந்து குவிந்ததால், உள்நாட்டு ஆலைகள் ஒவ்வொன்றாக உற்பத்தியைக் கைவிட்டன. மாத்திரையாக்கி உலகுக்கெல்லாம் விற்றோம். அதன் மூலப் பொருளுக்குப் பிறர் கையை எதிர்பார்த்தோம். 2020-ல் மத்திய அரசு ஊக்கத் தொகைத் திட்டம் அறிவித்த பின்னரே, 2024-ல் இதே ஆந்திராவில், காக்கிநாடா பகுதியில், பென்சிலின் உற்பத்தி மீண்டும் தொடங்கியது. இது வரவேற்கத்தக்கதே. ஆனால் போட்டியாளர் விலையைக் குறைத்ததும் மறுபடி கைவிடும் நிலை வரலாகாது. ஊக்கத் தொகை சில ஆண்டுகளுக்குத்தான் கிடைக்கும். ஆராய்ச்சியும் மலிவான மின்சாரமும் துறைமுக வசதியுமே நிலைத்த பலம் தரும்.

வளர்ச்சிக்கு யார் விலை கொடுக்கிறார்கள் என்பதையும் பார்க்க வேண்டும். 1984-ல் போபால் கற்பித்த பாடத்தை நாம் படித்ததாகத் தெரியவில்லை. 2020-ல் விசாகப்பட்டினத்தில் விஷ வாயு கசிந்து 12 பேர் இறந்தனர். 2024 ஆகஸ்டில் அச்சுதாபுரத்தில் 17 பேர். 2025 ஜூன் 30-ல் ஐதராபாத்தை அடுத்த பாசமைலாரத்தில் 40 பேருக்கு மேல். அங்கு மாண்டவர்களில் பலர் பிழைப்புத் தேடி வெளி மாநிலங்களிலிருந்து வந்த ஏழைத் தொழிலாளர்கள். ஊரை விட்டு வந்து உழைப்பவர்களின் நிலை நம் வாசகர்களுக்கு நாம் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ராணிப்பேட்டையிலோ, 1990-களில் மூடிய குரோமேட் ஆலை விட்டுச் சென்ற ஒரு லட்சம் டன்னுக்கு மேற்பட்ட கழிவு, நிலத்தடி நீரைக் கெடுத்தது. ஆலை போனது; நஞ்சு நின்றது.

2040-க்குள் இத்துறை ஒரு லட்சம் கோடி டாலர் மதிப்புக்கு வளர வேண்டும் என்பதும், 2030-க்குள் ஏழு லட்சம் பேருக்குப் புதிதாக வேலை கிட்டும் என்பதும் நிதி ஆயோக்கின் எதிர்பார்ப்பு. அந்த வேலை எப்படிப்பட்டதாக இருக்கும் என்பதே நம் கேள்வி. காண்டிராக்டர் கணக்கில் மட்டும் பெயர் இருக்கிற, எந்தப் பீப்பாயில் என்ன இருக்கிறது என்றே அறியாத கூலி வேலையா? பயிற்சியும் பாதுகாப்பும் உள்ள நிரந்தர வேலையா?

2025 நவம்பர் 21-ல் அமலுக்கு வந்த தொழிலாளர் சட்டத் தொகுப்புகள், ஒவ்வொருவருக்கும் நியமனக் கடிதம் தர வேண்டும் என்கின்றன. சட்டம் ஏட்டோடு நின்றுவிடலாகாது. வாசகர்கள் அக்கடிதத்தைக் கேட்டுப் பெற்றுப் பத்திரப்படுத்துவது நலம். விபத்து நேர்ந்தால் குடும்பத்துக்கு அதுவே சாட்சி. எச்சரிக்கைப் பலகைகள் தொழிலாளி படிக்கத் தெரிந்த மொழியில் இருக்க வேண்டும். பரிசோதனை அதிகாரிகள் விபத்து நடந்த மறுநாள் வருவதை விட்டு, முன்னதாகவே வர வேண்டும்.

மூலப் பொருளுக்குப் பிறரை நம்பியும், உற்பத்திக்குத் தொழிலாளியின் உயிரைப் பணயம் வைத்தும் வளரும் தொழில் நெடுநாள் நிலைக்காது. மத்திய, மாநில அரசுகள் இதை உணர்ந்து உடனே ஆவன செய்ய வேண்டும்.