அறுபது நாள் கெடுவை வீணாக்கலாமா?

பொதட்டூர்பேட்டையில் தறி ஓடினால்தான் கடை ஓடும். தறி நின்றால் நெசவாளர் வீட்டு மளிகைக் கணக்கு பாக்கி நிற்கும். அது நின்றால் பேங்கில் நமது தவணையும் நிற்கும். 90 நாள் கடந்தால் வாராக்கடன் என்று எழுதிவிடுகிறார்கள். அடுத்து வருவது நோட்டீஸ். அடமானத்தில் இருப்பதோ, பெரும்பாலும் கீழே கடையும் மேலே குடித்தனமுமான ஒரே கட்டடம். கடை போனால் வீடும் போகும்.

2002-ல் வந்த சர்பாசி சட்டம், கோர்ட்டுக்குப் போகாமலேயே அடமானச் சொத்தைக் கைப்பற்றி விற்கும் அதிகாரத்தை வங்கிகளுக்குக் கொடுத்தது. தனிப்பட்ட வட்டிக்காரருக்கு இந்த அதிகாரம் கிடையாது. விவசாய நிலத்தையும் இச்சட்டத்தின்கீழ் எடுக்க முடியாது. ஆனால் தொடக்கத்தில் இதில் ஒரு கொடுமையான பிரிவு இருந்தது. கடன் வாங்கியவர் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் முறையிட வேண்டுமானால், வங்கி கேட்கும் தொகையில் 75 சதவீதத்தை முதலில் கட்ட வேண்டும். அவ்வளவு பணம் கையில் இருப்பவர் தீர்ப்பாயத்துக்கு ஏன் போகிறார்?

மார்டியா கெமிக்கல்ஸ் என்ற குஜராத் கம்பெனியின் வழக்கில், 8.4.2004 அன்று சுப்ரீம் கோர்ட் அந்தப் பிரிவைச் செல்லாது என்று ரத்து செய்தது. கடன் வாங்கியவரின் ஆட்சேபத்தை வங்கி பரிசீலித்து, ஏற்காவிட்டால் காரணம் சொல்ல வேண்டும் என்றும் கூறியது. பெரிய கம்பெனி பெற்ற அந்தத் தீர்ப்பின் பலன் சில்லறை மளிகைக் கடைக்கும் உண்டு. ஆனால் நிவாரணம் தானாக வீடு தேடி வராது. நாள் கணக்குத் தெரிந்தவருக்கே அது கிடைக்கும்.

முதல் நோட்டீஸ் தரும் கெடு 60 நாள். அதற்குள் எழுத்து மூலம் ஆட்சேபம் அனுப்பினால் வங்கி 15 நாளில் பதில் தர வேண்டும். வங்கி சொத்தைக் கைப்பற்றும் நடவடிக்கை எடுத்தால், அன்றிலிருந்து 45 நாளுக்குள் சென்னையிலுள்ள தீர்ப்பாயத்தில் மனுச் செய்ய வேண்டும். மனுப் போட்டதாலேயே ஏலம் நிற்காது. தடை உத்தரவு தனியே பெற வேண்டும். திருத்தணியிலோ திருவள்ளூரிலோ சிவில் வழக்குப் போட்டு நிறுத்திவிடலாம் என்ற பழைய நம்பிக்கை இங்கே உதவாது. இவ்விஷயங்களில் சிவில் கோர்ட்டுக்குச் சட்டம் தடை விதித்திருக்கிறது.

இன்னொன்றும் முக்கியம். ஏலம் முடியும்வரை பணம் கட்டி மீட்கலாம் என்று பலர் எண்ணியிருக்கிறார்கள். 2016-ல் வந்த திருத்தத்தின்படி, ஏல அறிவிப்பு வெளியாகும் முன்பே பாக்கி முழுவதையும் கட்ட வேண்டும். பாஃப்னா மோட்டார்ஸ் வழக்கில் 2023-ல் சுப்ரீம் கோர்ட் இதை உறுதி செய்துவிட்டது.

வாங்கிய கடனைக் கட்டக் கூடாது என்று நாம் சொல்லவில்லை. நாணயம்தான் வியாபாரியின் முதல். கடன் கொடுத்துக் கடை நடத்தும் நமக்கு வசூலின் அருமை தெரியும். ஆனால் ஆங்கில நோட்டீஸைப் படிக்கத் தெரியாமல் கல்லாப்பெட்டிக்கு அடியில் வைத்துவிட்டு ஒருவர் வீட்டை இழப்பது நியாயமாகாது. நோட்டீஸுடன் கெடு தேதிகளைத் தமிழில் எழுதித் தர வங்கிகள் முன்வர வேண்டும். நம் சங்கங்களும் மாதம் ஒரு நாள் வக்கீல் ஒருவரை அழைத்து உறுப்பினர்களின் நோட்டீஸ்களைப் பார்க்கச் செய்யலாம்.

நோட்டீஸ் வந்தால் வெட்கப்பட்டு மறைக்க வேண்டாம். அன்றைக்கே தேதியைக் குறித்து, ஒரு வாரத்துக்குள் வக்கீலையும் வங்கி மேலாளரையும் பாருங்கள். ஏலத் தண்டோரா போட்டபின் சங்கத்துக்கு ஓடி வந்தால், சங்கம் ஆறுதல் சொல்லலாம்; சொத்தைத் திருப்பித் தர முடியாது.