வாங்கு என்றால் என்னவென்று டொனாட்டஸ் சொல்லவில்லை

குட்டன்பேர்க் என்ன அச்சடித்தார் என்று கேட்டால் எல்லாரும் பைபிள் என்றுதான் சொல்வோம். பள்ளியில் அப்படித்தான் படித்தோம். ஆனால் 1450களில் தொடங்கி அவருடைய அச்செழுத்துகளைக் கொண்டு திரும்பத் திரும்ப அச்சடிக்கப்பட்ட புத்தகம் வேறொன்று. முப்பது பக்கமும் வராத ஒரு இலத்தீன் இலக்கணப் புத்தகம். இருபதுக்கும் மேற்பட்ட பதிப்புகளின் தடயங்கள் கிடைத்திருக்கின்றன. பைபிளை அச்சடிக்க ஆண்டுக்கணக்கும் கடன் வாங்கிய பெருந்தொகையும் வேண்டியிருந்தது. இந்தச் சின்னப் புத்தகத்தைக் கொஞ்ச நாளில் அச்சடித்து விற்றுவிடலாம். பள்ளிக்கூடம் இருக்கும்வரை வாங்க ஆள் இருக்கும்.

பொடியன்கள் கையில் தாங்க வேண்டுமே என்று கடதாசியில் அல்ல, பதப்படுத்திய தோலில் அச்சடித்தார்கள். அப்படியும் தாங்கவில்லை. கிழிந்தவற்றை வெட்டி வேறு புத்தகங்களின் அட்டைக்கு உள்ளே ஒட்டினார்கள். இன்று நமக்குக் கிடைப்பவை அப்படி ஒட்டப்பட்டுத் தப்பிய துண்டுகள்தான். இத்தாலியில் முதன்முதலில் அச்சகம் வைத்த இரண்டு யேர்மனியர்களும் இதே புத்தகத்தை 300 பிரதி அச்சடித்ததாகப் பின்னர் பாப்பரசருக்கு எழுதிய விண்ணப்பத்தில் சொல்லியிருக்கிறார்கள். அந்த 300இல் ஒன்றுகூட மிஞ்சவில்லை. அவ்வளவுக்குப் பாவிக்கப்பட்ட புத்தகம்!

இதை எழுதியவர் டொனாட்டஸ். குட்டன்பேர்க்குக்கு ஆயிரத்து நூறு ஆண்டுகள் முந்தியவர். நான்காம் நூற்றாண்டில் உரோமில் ஆசிரியராக இருந்தார். பைபிளை இலத்தீனுக்குக் கொண்டுவந்த ஜெரோம் அவரிடம் படித்தவர். புத்தகம் முழுக்கக் கேள்வியும் பதிலும்தான். சொற்களின் வகைகள் எத்தனை, எட்டு, அவை எவை என்று போகும். பெயர்ச்சொல்லுக்கு உதாரணமாக ஐந்து சொற்களை எடுத்து ஒவ்வொரு வேற்றுமையாக அடுக்கிக் காட்டுவார்: மகிஸ்டர், மூசா, ஸ்காம்னும், சாகெர்டோஸ், ஃபேலிக்ஸ். ஆசிரியர், கலைத்தேவதை, வாங்கு, பூசகர், மகிழ்ச்சியான என்று பொருள். வினைச்சொல்லுக்கு அவர் எடுத்தது லெகோ. விளையாட்டுக் கட்டையை நினைக்காதீர்கள், அந்தச் சொல்லுக்கு ‘நான் வாசிக்கிறேன்’ என்று அர்த்தம்.

இந்த அர்த்தங்களை நான்தான் இங்கே எழுதுகிறேன். டொனாட்டஸ் எழுதவில்லை. ஸ்காம்னும் என்றால் வாங்கு என்று எங்குமே சொல்லவில்லை, ஏனென்றால் அவருடைய மாணவன் அந்த வாங்கில்தான் உட்கார்ந்திருந்தான். அவனுக்கு இலத்தீன் தாய்மொழி. வீட்டிலும் தெருவிலும் கதைத்த மொழி. ஏற்கெனவே தெரிந்த ஒன்றுக்குப் பெயர் வைத்துக் கொடுப்பதுதான் ஆசிரியரின் வேலை. அந்த வேலைக்கு அது அருமையான புத்தகம்: சின்னது, தெளிவானது, சுற்றிவளைக்காதது.

பிரச்சினை பிறகு வந்தது. உரோமப் பேரரசு போய்விட்டது. இலத்தீன் யாருடைய வீட்டு மொழியாகவும் இல்லாமல் போய்விட்டது. ஆனால் தேவாலயம், சட்டம், மருத்துவம், பல்கலைக்கழகம் எல்லாம் இலத்தீனில். ஆகவே அயர்லாந்திலும் இங்கிலாந்திலும் யேர்மனியிலும் பிள்ளைகள் அதைப் படித்தே ஆகவேண்டும். கையில் இருந்த புத்தகம் டொனாட்டஸ். அதையே கொடுத்தார்கள். இலத்தீன் ஒரு சொல்கூடத் தெரியாத, வீட்டில் யேர்மன் கதைத்த ஏழு வயதுப் பொடியன், இலத்தீனில் கேட்கப்பட்ட கேள்விக்கு இலத்தீனில் பதில் பாடமாக்கினான். இந்தப் பொருத்தமின்மை ஆயிரம் வருடம் ஓடியது. அச்சு இயந்திரம் வந்து அதை இன்னும் வேகமாக ஓடவிட்டது.

இது எனக்கு ஏன் சுடுகிறது என்று சொல்கிறேன்.

ஏழாம் வகுப்பில் இரண்டாவது அந்நிய மொழியாக இலத்தீனை எடுத்தேன். ‘டொக்டருக்குப் படிக்க உதவும்’ என்று அப்பா சொன்னார். (நான் கணினித்துறைக்குப் போனேன், அது வேறு கதை.) வெள்ளிக்கிழமை இலத்தீன், சனிக்கிழமை தமிழ்ப் பள்ளி. இலத்தீன் புத்தகத்தில் முதல் பக்கத்திலேயே ஒரு உரோமக் குடும்பத்தின் படம். கீழே நான்கு வரிக் கதை. ஓரத்தில் யேர்மன் அர்த்தம். கதை விளங்கிய பிறகுதான் இலக்கணம். சனிக்கிழமைப் புத்தகம் ஊரில் இருக்கும் பிள்ளைகளுக்காக எழுதப்பட்டது. பெயர்ச்சொல் என்பது யாது? வேற்றுமை எத்தனை வகைப்படும்? வரைவிலக்கணத்தைக் கொப்பியில் எழுதி அடுத்த கிழமைக்குப் பாடமாக்கிக்கொண்டு போகவேண்டும். செத்துப்போன மொழியை எனக்கு ஒரு புதியவனுக்குச் சொல்லிக்கொடுப்பதுபோல மெல்லச் சொல்லிக்கொடுத்தார்கள். உயிரோடு இருக்கும் என் மொழியை, எனக்கு எல்லாம் தெரியும் என்று நினைத்துப் படிப்பித்தார்கள்.

ஐ, ஆல், கு என்று வேற்றுமை உருபுகளை வரிசையாகச் சொல்ல எனக்கு ஒன்பது வயதிலேயே தெரியும். ஆனால் ‘அம்மாவுக்குக் கொடு’ என்று வீட்டில் நான் சொல்லும்போது அந்த வாக்கியத்தில் இருப்பதுதான் நான்காம் வேற்றுமை என்று உறைத்தது பதின்மூன்று வயதில், ஒரு இலத்தீன் வகுப்பில். பின்வரிசையில் இருந்து சிரித்துவிட்டேன். ஆசிரியைக்குக் காரணம் விளங்கவில்லை.

தமிழ் ரீச்சரை நான் குறை சொல்லவில்லை. அவர் கிழமை முழுக்க வேலை செய்துவிட்டு, சனிக்கிழமை சம்பளமில்லாமல் வந்து படிப்பித்தவர். தனக்குக் கிடைத்த புத்தகத்தை வைத்துப் படிப்பித்தார், மைன்ஸ் ஆசிரியர்கள் செய்ததைப் போலவே. என் வேலையிலும் இதைத் தினமும் பார்க்கிறேன். ஒரு மென்பொருளுக்குக் கையேடு எழுதுபவர் பெரும்பாலும் அதை உருவாக்கியவர்தான். அவருக்கு எல்லாம் வெளிச்சம். புதிதாக வந்தவன் மூன்றாவது வரியில் தடுக்கி விழுவான், விழுந்த இடம் எழுதியவருடைய கண்ணுக்குத் தெரியாது.

என் தம்பி பதினொரு வயதில் தமிழ்ப் பள்ளியை நிறுத்திவிட்டான். இன்றைக்கு அப்பம்மா தொலைபேசியில் அவனோடு கதைக்க ஆசைப்பட்டால் நான் நடுவில் இருந்து மொழிபெயர்க்க வேண்டும். அப்பம்மா சொல்லும் பகிடிகள் என் வாய்க்குள்ளேயே செத்துப்போகின்றன.

பாடமாக்குவதற்கு ஒரு காலத்தில் நியாயம் இருந்தது. கையெழுத்துப் பிரதிகள் விலை கூடியவை. மாணவனிடம் புத்தகம் இராது. அதனால் புத்தகத்தையே தலைக்குள் ஏற்றவேண்டும். 1199 அளவில் அலெக்சாண்டர் என்ற பிரெஞ்சு ஆசிரியர் இலத்தீன் இலக்கணத்தை 2,645 வரிச் செய்யுளாகவே எழுதினார். செய்யுள் என்றால் மனதில் நிற்கும் அல்லவா, நம்முடைய நன்னூலும் அப்படித்தானே. அச்சு வந்ததும் எல்லாருடைய கையிலும் புத்தகம் வந்துவிட்டது, காரணம் போய்விட்டது. ஆனால் அந்தச் செய்யுளையும் நூற்றுக்கணக்கான தடவை அச்சடித்து, முன்போலவே பாடமாக்க வைத்தார்கள். பாடம் வராதவனுக்குப் பிரம்பு. பழைய சித்திரங்களில் இலக்கணம் ஒரு பெண்ணாக வருவாள். அவள் கையில் பிரம்பு இருக்கும்.

பிரம்பைப் பற்றி ஒரு கதை. 1563இல் வின்சர் கோட்டையில் அரசி எலிசபெத்தின் அமைச்சர்கள் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, ஈட்டன் பள்ளியிலிருந்து சில பிள்ளைகள் அடிக்குப் பயந்து ஓடிவிட்டார்கள் என்ற செய்தி வந்தது. அடிப்பது சரியா பிழையா என்று மேசையில் வாதம். அங்கே இருந்த ரோஜர் ஆஸ்கம், அரசிக்கே ஆசிரியராக இருந்தவர், அந்த வாதத்திலிருந்து ஒரு புத்தகம் எழுதினார். அவர் இறந்த பிறகு 1570இல் அவருடைய மனைவி அதை வெளியிட்டார். அதில் சொல்லப்படும் முறை எளிமையானது. சிசெரோவின் சின்னக் கடிதம் ஒன்றைப் பிள்ளைக்கு முதலில் விளக்க வேண்டும். பிள்ளை அதை ஆங்கிலத்தில் எழுதும். கொஞ்ச நேரம் கழித்து, மூலத்தைப் பார்க்காமல், தன் ஆங்கிலத்தைத் திரும்ப இலத்தீனாக்கும். பிறகு சிசெரோவுடையதைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கும். எங்கே வித்தியாசமோ அங்கேதான் இலக்கணம். இதை நான் தமிழ்ச் சிறுகதைப் பந்திகளை வைத்துச் செய்து பார்த்தேன். ஆறு மாதத்தில் எனக்குக் கிடைத்தது, பத்து வருடச் சனிக்கிழமைகளில் கிடைத்ததைவிட அதிகம். செலவு ஒரு கொப்பி.

மாற்றம் மெல்ல மெல்லத்தான் வந்தது. ஸ்பெயினில் நெப்ரிஹா 1481இல் வெளியிட்ட இலத்தீன் இலக்கணம் முழுக்க இலத்தீனிலேயே இருந்தது; சில ஆண்டுகளில், அரசி இசபெல்லா கேட்டுக்கொண்டதால், பக்கத்திலேயே காஸ்டிலிய மொழி வைத்து ஒரு பதிப்புக் கொண்டுவந்தார். இங்கிலாந்தில் லில்லி என்பவரின் பெயரில் வழங்கிய இலக்கணத்தில் தொடக்கப் பகுதி ஆங்கிலத்தில் இருந்தது. எட்டாம் ஹென்றி 1540 அளவில் பள்ளிகளில் இதைத் தவிர வேறு இலக்கணம் கூடாது என்றார். ஷேக்ஸ்பியரின் ஒரு நாடகத்தில் வில்லியம் என்ற பையனிடம் ஒரு பாதிரியார் இந்தப் புத்தகத்திலிருந்து கேள்வி கேட்பார். பக்கத்தில் நிற்கும் பெண்ணுக்கு இலத்தீன் சொற்களெல்லாம் கெட்ட வார்த்தையாகக் கேட்கும். படித்தவனுக்குத்தான் அந்தப் பகிடி வரும்.

ஆனால் என் கதாநாயகர் கொமேனியஸ். இன்றைய செக் நாட்டில், மொராவியாவில் பிறந்தவர். பெற்றோரைச் சின்ன வயதில் இழந்து, பதினாறு வயதில்தான் இலத்தீன் பள்ளிக்குப் போனார். மற்றவர்கள் ஏழு வயதில் கண்ணை மூடிக்கொண்டு விழுங்கியதை இவர் விவரம் தெரிந்த வயதில் கண்ணைத் திறந்துகொண்டு படித்தார். எது எங்கே கசக்கிறது என்று அவருக்கு ஞாபகம் இருந்தது. பிறகு மதச் சண்டையில் ஊரைவிட்டு ஓடவேண்டி வந்தது. மனைவியையும் பிள்ளைகளையும் நோய்க்குப் பறிகொடுத்தார். 1656இல் போலந்தில் அவர் தஞ்சமிருந்த ஊர் எரிந்தபோது கையெழுத்துப் பிரதிகளும் எரிந்தன. இரண்டு வருடம் கழித்து, 1658இல், நியூர்ன்பேர்க்கில் அவருடைய படப் புத்தகம் வெளிவந்தது. ஏறத்தாழ 150 படங்கள். ஒவ்வொரு படத்திலும் பொருட்களுக்கு இலக்கம். கீழே ஒரு பக்கம் இலத்தீன், மறுபக்கம் யேர்மன், சொல்லுக்குப் பக்கத்தில் அதே இலக்கம். எழுத்துகளைக்கூட மிருகங்கள் போடும் சத்தத்தில் தொடங்கினார், காகம், ஆட்டுக்குட்டி என்று. ஸ்காம்னும் என்றால் என்ன என்று கேட்க வேண்டியதில்லை, படத்தில் வாங்கு இருக்கும். அடுத்த ஆண்டே ஆங்கிலத்திலும் வந்துவிட்டது.

இன்னொருவரையும் சொல்லவேண்டும். 1706இல் தரங்கம்பாடிக்கு வந்த சீகன்பால்க், இலத்தீன் இலக்கணத்தில் ஊறிய யேர்மன் பாதிரியார். தமிழ் படிக்க ஒரு வாத்தியாரையும் அவருடைய பிள்ளைகளையும் வீட்டுக்கு வரவைத்து, அந்தப் பிள்ளைகளோடு நிலத்தில் உட்கார்ந்து மணலில் எழுத்துப் பழகினார். பத்து வருடம் கழித்து, 1716இல், ஹாலே நகரத்தில் தமிழ் இலக்கணம் ஒன்றை அச்சிட்டார். விளக்கங்கள் இலத்தீனில், சொற்கள் தமிழ் எழுத்தில். தமிழ்ப் பெயர்ச்சொற்களை இலத்தீன் வேற்றுமைச் சட்டைக்குள் போட்டார். சட்டை அங்கங்கே இறுக்கம்தான், அதைப் பண்டிதர்கள் குறை சொல்லலாம். ஆனால் தனக்குப் பின் கப்பலில் வரப்போகும் ஆளுக்கு என்ன விளங்கும், என்ன விளங்காது என்று அறிந்து எழுதினார், ஏனென்றால் அவரே அந்த ஆளாக இருந்தவர்.

பிறகு படித்தவன்தான் பிறகு படிப்பவனுக்குப் புத்தகம் எழுதவேண்டும் என்பது என் கட்சி. ஊரில் இருக்கும் பண்டிதர் எங்களைவிட ஆயிரம் மடங்கு தமிழ் அறிந்தவர், பிழை திருத்த அவர் வேண்டும். ஆனால் ‘ற’வுக்கும் ‘ர’வுக்கும் முன்னால் முழித்து நின்ற ஞாபகம் அவரிடம் இல்லை. அது உங்களிடமும் என்னிடமும் இருக்கிறது. இப்போது வெளிநாட்டுப் பிள்ளைகளுக்கென்றே தமிழ்ப் புத்தகங்கள் வருகின்றன, படங்களும் வண்ணங்களும் என் காலத்தைவிட எவ்வளவோ நல்லவை. நான் புரட்டிப் பார்த்த சிலவற்றில் படத்தைத் தாண்டினால் பழைய ‘என்பது யாது’ காத்திருந்தது. பாடமாக்கவே கூடாது என்று நான் சொல்லவில்லை. அர்த்தம் தெரிந்த பிறகு பாடமாக்கினால் அது சொத்து.

சும்மா வாதாடாமல் நானும் இரண்டு நண்பர்களும் ஒரு சின்னப் புத்தகம் செய்யத் தொடங்கியிருக்கிறோம், கொமேனியஸ் செய்த மாதிரி. முதல் பாடம் குசினி, இரண்டாவது வகுப்பறை. பரிசோதனைக்கு ஆள் என் தம்பி. போன ஞாயிற்றுக்கிழமை வகுப்பறைப் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தவன் நான்காம் இலக்கத்தில் நின்றுவிட்டான். அங்கே ‘வாங்கு’ என்று எழுதியிருந்தோம்.

‘என்னத்தை வாங்க?’ என்று கேட்டான்.

மூன்று பேர் நாலு தடவை பிழை திருத்திய பக்கம் அது. ஒருவருக்கும் அது தோன்றவில்லை. கடையில் நிற்கும் அம்மாவின் படம் ஒன்றை இப்போது ஐந்தாம் இலக்கமாகச் சேர்த்துக்கொண்டிருக்கிறோம்.