லொட்டி டொட் வென்றது எதனால்?

பழைய மாணவர் விளையாட்டைப்பற்றி எழுதப்புகின், தம் காலத்துக் கிரிக்கெற் ஆட்டங்களையே எழுதுவது வழக்கம். அன்பர்கள் பொறுப்பாராக, யான் எழுத எடுத்துக்கொண்டது ஆங்கில நாட்டுப் பெண்மணி ஒருவரின் ரெனிஸ் ஆட்டத்தை. அவரது வெற்றிக்குச் சொல்லப்படும் காரணம் ஒன்று நெடுநாளாக என் மனத்தை உறுத்திவருகின்றது.

1871ஆம் ஆண்டு செஷயர்ப் பகுதியிலுள்ள பெபிங்டனிற் பிறந்தவர் லொட்டி டொட். விம்பிள்டனிற் பெண்கள் ஒற்றையர் ஆட்டம் தொடங்கியது 1884இல். மூன்றே ஆண்டுகளின் பின், 1887இல், முன்னைய ஆண்டு வெற்றிவீராங்கனையான பிளான்ச் பிங்கிலியை 6-2, 6-0 என வீழ்த்தி லொட்டி அப்பட்டத்தைப் பெற்றார். அப்போது அவருக்கு வயது பதினைந்தும் 285 நாளுமே. அத்துணை இளமையில் அந்த ஒற்றையர் பட்டத்தைப் பெற்றவர் இன்றுவரை வேறெவருமிலர்.

அந்நாளில் ஆடவந்த பெண்களின் கோலத்தைச் சற்று எண்ணிப் பார்த்தல் வேண்டும். நிலத்தைத் தொடும் பாவாடை, மூச்சை அடைக்குமாறு இறுக்கிய இடைக்கச்சு, தலையிலே தொப்பி! சிறுமியாதலின் லொட்டிக்குக் குட்டைப் பாவாடை அணிய இசைவிருந்தது. இதைப் பிடித்துக்கொண்டு, அவர் வென்றது பாவாடையினாலேயே என்பார் உளர்.

உடை தடையன்று என்று யான் வாதிட வரவில்லை. பெண்களின் உடை அங்கங்களை அசையவிடாது தடுப்பதுபற்றி லொட்டியே எழுதியுள்ளார். ஆயினும் அவருடைய ஆட்டங்களின் கணக்கை எடுத்துப் பார்த்தவர்க்கு அக்கூற்று நில்லாது. விம்பிள்டனில் அவர் ஐந்து முறை ஆடினார். ஐந்து முறையும் வென்றார். ஐந்து இறுதியாட்டத்திலும் எதிர்நின்றவர் அதே பிளான்ச். மணமானபின் ஹில்லியாட் அம்மையார். அவரும் எளியவரல்லர், ஆறு முறை விம்பிள்டன் பட்டம் பெற்றவர். 1888இல், லொட்டி இன்னுஞ் சிறுமியாயிருந்தபோது, கணக்கு 6-3, 6-3. 1892இல், இருபது வயதில், வளர்ந்த பெண்களுக்குரிய நீண்ட உடையோடு ஆடியபோதோ 6-1, 6-1! பாவாடை நீண்டது, வெற்றி குறுகவில்லை. 1893இல் மாத்திரம் முதற் பகுதியை 6-8 என இழந்து, பின் 6-1, 6-4 என மீண்டார். அவ்வாண்டை வேண்டுமாயின் பாவாடைக் கட்சியார் எடுத்துக்கொள்ளட்டும்.

உண்மைக் காரணம் அவர் ஓடினார் என்பதே. ஏனைய பெண்கள் பின்கோட்டருகே நின்று, தம்மிடம் வந்த பந்தைத் திருப்பியனுப்புவதோடு அமைந்தனர். அவரோ எட்டாதெனத் தோன்றும் பந்தையுந் துரத்தினார். வலையண்டை சென்று, நிலத்திற் படுமுன்னரே ஆடவரைப்போல ஓங்கியடித்தார். 1888இல் எக்ஸ்மத்தில், அவ்வாண்டு விம்பிள்டன் ஆடவர் பட்டம் பெற்ற ஏர்னஸ்ட் றென்ஷாவோடு ஆடினார். ஒவ்வோர் ஆட்டத்திலும் முப்பது புள்ளி முற்கொடையாகப் பெற்று ஆடினாரெனினும், முதற் பகுதியை 6-2 என வென்று, அடுத்த இரண்டையும் 5-7, 5-7 என்றே இழந்தார். இதற்கும் பாவாடையா காரணம்?

பாவாடைக் கதையை யான் வெறுப்பதற்குக் காரணமுண்டு. ஓடுதல் சிறுமிக்குத் தந்த சலுகை, வயது வந்ததும் திருப்பிக் கொடுக்கவேண்டிய பொருள் என்னும் எண்ணம் அக்கதையின் உள்ளே கிடக்கின்றது. பெண்மக்களைப் பெற்ற நம்மிற் பலரும் அவ்வெண்ணத்தோடுதான் வீட்டிற் பேசுகின்றோம்.

இருபத்தோராவது வயதிலேயே ரெனிஸைக் கைவிட்டாரே, ஒன்றில் நிலையாதவர் என்பது அவர்மீது வைக்கும் மற்றொரு குறை. 1889இல் விம்பிள்டனுக்கு வராது ஸ்கொத்லாந்துக் கடலிற் பாய்க்கப்பல் ஓட்டிக் களித்தவர் என்பதும் மெய்யே. ஆனால் அவர் விட்டுச் சென்றது சோம்பியிருக்கவா? 1899இலும் 1900இலும் இங்கிலாந்துக்காக ஹொக்கி ஆடினார். 1904இல் ட்றூனில், முன்னரே இருமுறை பட்டம் வென்ற மே ஹெஸ்லெற்றைத் தோற்கடித்துப் பிரித்தானியப் பெண்கள் கோல்ப் பட்டத்தைப் பெற்றார். 1908 இலண்டன் ஒலிம்பிக்கில் வில்வித்தையில் வெள்ளிப் பதக்கம். அவர் சகோதரர் வில்லியத்துக்கு ஆடவர் வில்வித்தையிற் பொற்பதக்கம். அப்போது லொட்டிக்கு வயது முப்பத்தாறு. பாவாடையின் நீளத்தை ஆராய்ந்தவர்கள் இவ்விடத்தில் வாய்திறப்பதில்லை.

1960ஆம் ஆண்டு யூன் 27ஆந் தேதி, எண்பத்தெட்டாவது வயதில், அவர் காலமானார். விம்பிள்டன் ஆட்டங்கள் நடந்துகொண்டிருந்த காலம் அது. படுக்கையிற் கிடந்தவாறே வானொலியில் அவற்றைக் கேட்டுக்கொண்டிருந்தாராம்.